குற்றச்சாட்டே தீர்ப்பாகுமா? வேலையிலிருந்து விலக்கப்பட்டவருக்கு இருக்கும் ஆறு மாதங்கள்

புடவைக் கடையொன்றில் மாத முடிவில் இருப்புக் கணக்குப் பார்க்கிறார்கள். சரக்குக் குறைகிறது. காசாளராக இருந்த இளைஞனை உள்ளே அழைத்து, “நீயாக விலகுவதாக எழுதித் தந்துவிட்டுப் போ, இல்லாவிட்டால் பொலிஸுக்குப் போவோம்” என்கிறார்கள். ஆடைத் தொழிற்சாலையில் மேற்பார்வையாளருடன் வாய்த்தர்க்கப்பட்ட சகோதரிக்கு மறுநாள் வாயிற்காவலர்தான் செய்தி சொல்கிறார்: “உங்களை உள்ளே விட வேண்டாமாம்.” விற்பனைப் பிரதிநிதி ஒருவருக்கு, வசூலித்த பணத்தைத் தாமதமாகச் செலுத்தினார் என ஒரேயொரு வரியில் கடிதம் வருகிறது.

நமது ஊர்களில் அடிக்கடி கேள்விப்படும் கதைகள் இவை. குற்றம் நடந்திருக்கவும் கூடும், நடக்காதிருக்கவும் கூடும். ஆனால் அதன் பின்னர் நடப்பது பெரும்பாலும் ஒன்றுதான். வேலையிழந்தவர் வெட்கத்தில் வீட்டோடு முடங்குகிறார். ஜமாஅத் தொழுகைக்கு வருவதையும் குறைத்துக் கொள்கிறார். யாராவது பெரியவர் முதலாளியோடு பேசித் தீர்த்து வைப்பார் என்று காத்திருக்கிறார். “நோன்பு முடியட்டும் பார்ப்போம்”, “பெருநாள் கழியட்டும் பார்ப்போம்” என்று மாதங்கள் ஓடுகின்றன. கடைசியில் ஒரு சட்டத்தரணியிடம் போகும்போது அவர் முதலில் கேட்பது வேலை போன திகதியைத்தான். ஆறு மாதம் கடந்திருந்தால், மிக முக்கியமான கதவு மூடப்பட்டுவிட்டது என்பதே பதில்.

2026 ஜனவரி முதல் தேசிய ஆகக்குறைந்த மாதச் சம்பளம் 30,000 ரூபா. அந்த அளவில் வாழும் குடும்பத்துக்கு ஒரு மாதச் சம்பளம் நின்றாலே வாடகையும் பிள்ளைகளின் வகுப்புக் கட்டணமும் நின்றுவிடும். அதற்கு மேல் ‘கள்வன்’ என்ற பெயரும் சேர்ந்தால் அடுத்த வேலைக்கான வழியும் அடைபடும். எனவே இது வெறும் சட்ட விடயமல்ல, ஒரு மனிதனின் ரிஸ்க்கோடும் மானத்தோடும் தொடர்புபட்டது. இலங்கைச் சட்டம் இதில் என்ன சொல்கிறது, மார்க்கம் என்ன சொல்கிறது, இரண்டையும் தெரிந்திருந்தும் நாம் எங்கே தவறவிடுகிறோம் என்பதைப் பார்ப்போம்.

‘ஒழுக்காற்று’ என்ற பெயர் ஏன் இத்தனை தேவைப்படுகிறது?

முதலில் ஒரு அடிப்படையைப் புரிந்துகொள்ள வேண்டும். நமது நாட்டில் 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டம் ஒன்று இருக்கிறது. தொழிலாளர்களின் வேலையை முடிவுறுத்துவது தொடர்பான விசேட ஏற்பாடுகள் சட்டம் அது. 15 அல்லது அதற்கு மேற்பட்ட தொழிலாளர்களைக் கொண்ட நிறுவனங்கள் ஒரு தொழிலாளியை வேலையிலிருந்து நிறுத்துவதாயின், அவரது எழுத்துமூலச் சம்மதம் வேண்டும், அல்லது தொழில் ஆணையாளர் நாயகத்தின் முன் அனுமதி வேண்டும். வியாபாரம் குறைந்துவிட்டது, கிளையை மூடுகிறோம், ஆட்கள் அதிகம் என்ற காரணங்களுக்கெல்லாம் இந்த நிபந்தனை பொருந்தும். அனுமதி பெறுவதற்கு விசாரணை நடக்கும், நட்டஈடும் கொடுக்க நேரும்.

இந்த வேலிக்கு முக்கியமான ஒரு திறப்பு உண்டு. ஒழுக்காற்று நடவடிக்கையின் தண்டனையாக ஒருவரை விலக்கினால் முன் அனுமதி தேவையில்லை. இந்த விதிவிலக்கு நியாயமானதுதான். பணப்பெட்டியில் கைவைத்தவரை நீக்க ஆணையாளரின் அனுமதிக்காக மாதக்கணக்கில் காத்திருக்குமாறு எந்த முதலாளியையும் கேட்க முடியாது. ஆனால் நடைமுறையில் இந்தத் திறப்புக்கு இன்னொரு பயன்பாடும் வந்துவிட்டது. நேர்மையாக ஆட்குறைப்புச் செய்வதற்குப் பணமும் காலமும் செலவாகும். ஒரு குற்றச்சாட்டைச் சுமத்திவிடுவது மலிவானது. வழமையாகப் பொறுத்துக்கொண்ட பத்து நிமிடத் தாமதம் திடீரெனப் பாரதூரமான குற்றமாகிவிடுகிறது. எல்லோரும் செய்துவந்த ஒரு நடைமுறை ஒருவருக்கு மட்டும் ‘நிறுவன விதி மீறல்’ ஆகிறது. எல்லா ஒழுக்காற்று விலக்கல்களும் இப்படிப்பட்டவை என்று சொல்லவில்லை. ஆனால் எந்த விலக்கலையும் பார்க்கும்போது இந்தக் கேள்வியைக் கேட்காமல் இருக்க முடியாது.

சட்டமும் இதை ஓரளவு முன்கூட்டியே உணர்ந்திருக்கிறது. ஒழுக்காற்றுத் தண்டனையாக வேலையை முடிவுறுத்தும் முதலாளி, முடிவுறுத்திய நாளுக்குப் பின்னர் வரும் இரண்டாவது வேலை நாள் முடிவதற்குள் அதற்கான காரணங்களை எழுத்தில் அறிவிக்க வேண்டும் என அதே சட்டம் கூறுகிறது. ‘நாளையிலிருந்து வர வேண்டாம்’ என்ற தொலைபேசி அழைப்பு இந்தக் கடமையை நிறைவேற்றாது. காரணத்தை எழுத்தில் கேட்பது முதலாளியை எதிர்ப்பதாகாது. சட்டம் அவர் மீது சுமத்திய கடமையை நினைவூட்டுவது மட்டுமே.

தொழில் சட்டங்களையெல்லாம் ஒரே சட்டமாகத் தொகுக்கும் முயற்சி 2023 முதல் பேசப்பட்டு வருகிறது. வேலை முடிவுறுத்தலை இலகுவாக்க வேண்டும் என்பது முதலாளிமார் தரப்பின் நீண்டகாலக் கோரிக்கை. இருக்கும் பாதுகாப்பும் போய்விடும் என்பது தொழிற்சங்கங்களின் அச்சம். ஆட்குறைப்புக்கு நியாயமான, விரைவான ஒரு வழி இருந்தால் பொய்க் குற்றச்சாட்டுகளும் குறையும் என்பது உண்மையே. ஆனால் குற்றஞ்சாட்டப்பட்டவர் தன் தரப்பைச் சொல்லும் உரிமையைக் குறைத்து அந்த விரைவைப் பெறுவதானால் அது சீர்திருத்தமாகாது.

தொழில் நியாய சபை: ஏழைத் தொழிலாளியின் நீதிமன்றம்

தனியார் துறையிலும் அரச கூட்டுத்தாபனங்களிலும் வேலை செய்பவர்களுக்கான பிரதான நிவாரணம் தொழில் நியாய சபை. 1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தில் 1957இல் செய்யப்பட்ட திருத்தத்தின் மூலம் இச்சபைகள் உருவாகின. வேலை முடிவுறுத்தப்பட்ட நாளிலிருந்து ஆறு மாதங்களுக்குள் இங்கு மனுச் செய்ய வேண்டும். தொழிலாளியே மனுச் செய்யலாம், அவர் சார்பில் தொழிற்சங்கமும் செய்யலாம். மேலே சொன்ன 15 பேர் என்ற எல்லை இங்கு கிடையாது. மூன்று பேர் வேலை செய்யும் சிறிய கடையிலிருந்து விலக்கப்பட்டவரும் இந்தக் கதவைத் தட்டலாம். நமது சமூகத்தில் பலர் சிறிய கடைகளில் வேலை செய்பவர்கள். ‘சின்னக் கடைக்குச் சட்டம் இல்லை’ என்ற எண்ணம் தவறானது.

இந்தச் சபையைப் பற்றி நான்கு விடயங்களைத் தெரிந்து கொள்வது அவசியம்.

ஒன்று, நிரூபிக்கும் பொறுப்பு. தொழிலாளியைத் தான் விலக்கியதை முதலாளி ஏற்றுக்கொண்டால், அந்த விலக்கல் நியாயமானது என்று காட்ட வேண்டியவரும் அவரே. முதலில் சாட்சிகளை முன்வைப்பது முதலாளி தரப்புத்தான். ஆனால் “நாங்கள் விலக்கவில்லை, அவராகவே வேலையைக் கைவிட்டுப் போனார்” என்று முதலாளி சொன்னால் நிலைமை மாறிவிடும். அப்போது தான் விலக்கப்பட்டதைத் தொழிலாளி நிரூபிக்க வேண்டும். ஆடைத் தொழிற்சாலை வாயிலில் திருப்பி அனுப்பப்பட்ட அந்தச் சகோதரிக்கு இருக்கும் ஆபத்து இதுதான். அவரிடம் கடிதமில்லை. சில நாட்கள் வீட்டிலிருந்தால், வேலைக்குச் சமுகமளிக்காதவராகவே பதிவாகிவிடுவார்.

இரண்டு, நிரூபணத்தின் அளவு. குற்றவியல் நீதிமன்றத்தில் போல நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் நிரூபிக்க வேண்டியதில்லை. களவு போன்ற ஒழுக்கக்கேடான குற்றச்சாட்டாக இருந்தாலும், எது நடந்திருக்கக் கூடும் என்ற நிகழ்தகவின் சமநிலையே போதும் என அசோசியேட்டட் பெட்டரி நிறுவன வழக்கில் 1975இல் தீர்க்கப்பட்டது. ஆகவே ‘பொலிஸ் வழக்கில் வென்றுவிட்டேன், வேலையும் தானாகக் கிடைத்துவிடும்’ என்று இருந்துவிடக் கூடாது. இரண்டும் வெவ்வேறு பாதைகள். குற்றவியல் வழக்கு முடியட்டும் என்று காத்திருந்து ஆறு மாதத்தைத் தவறவிடக் கூடாது.

மூன்று, நிறுவனத்தின் உள்ளக விசாரணை. தனியார் துறையில் அது சட்டத்தால் கட்டாயமாக்கப்படவில்லை. உள்ளக விசாரணை நடத்தவில்லை என்பதால் மட்டும் தொழிலாளி வென்றுவிட மாட்டார். அதேபோல் உள்ளக விசாரணையில் குற்றவாளியாகக் காணப்பட்டதால் மட்டும் தோற்றுவிடவும் மாட்டார். நியாய சபை சாட்சிகளைப் புதிதாகக் கேட்டு, நீதியும் ஒப்புரவும் கொண்ட ஒரு கட்டளையை வழங்க வேண்டும். வேலை ஒப்பந்தத்தில் என்ன எழுதப்பட்டிருந்தாலும் நிவாரணம் வழங்கும் அதிகாரம் அதற்கு உண்டு.

நான்கு, நிவாரணம். மீண்டும் வேலையில் அமர்த்துமாறு கட்டளையிடலாம், விலக்கப்பட்டிருந்த காலத்துக்கான சம்பளத்தையும் வழங்கச் சொல்லலாம், அல்லது வேலைக்குப் பதிலாக நட்டஈடு வழங்கச் சொல்லலாம். நட்டஈடு குத்துமதிப்பாகத் தீர்மானிக்கப்படக் கூடாது, தொழிலாளியின் உண்மையான இழப்பைக் கணக்கிட வேண்டும் என்று ஜயசூரிய எதிர் அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் என்ற 1995ஆம் ஆண்டுத் தீர்ப்பில் உயர் நீதிமன்றம் விரிவாக விளக்கியது. சம்பளம், கொடுப்பனவுகள், மீண்டும் வேலை தேடும் சிரமம், இடையில் உழைத்த பணம் அனைத்தும் அந்தக் கணக்கில் வரும். எனவே ஆவணங்களை வைத்திருப்பவரே உரிய தொகையைப் பெறுவார்.

சபையின் கட்டளைக்கு எதிராக 30 நாட்களுக்குள், சட்டப் பிரச்சினை ஒன்றின் மீது மாகாண மேல் நீதிமன்றத்துக்கு மேன்முறையீடு செய்யலாம். மேன்முறையீடு செய்யும் முதலாளி, வழங்குமாறு கட்டளையிடப்பட்ட பணத்தைப் பிணையாக வைப்பிலிட வேண்டும். ஆனாலும் வழக்குகள் வருடக்கணக்கில் இழுபடுவது நமது நாட்டின் கசப்பான யதார்த்தம். அதனால்தான் பல வழக்குகள் இடைநடுவில் சமரசத்தில் முடிகின்றன. சமரசம் மார்க்கத்தில் வரவேற்கத்தக்கது. ஆயினும் சமரசத்தில் பணத்தின் அளவை மட்டும் பார்க்கக் கூடாது. குற்றச்சாட்டு நீக்கப்படுகிறதா, சேவைச் சான்றிதழில் என்ன எழுதப்படும் என்பவற்றையும் பேசித் தீர்க்க வேண்டும். அடுத்த வேலை அதில்தான் தங்கியிருக்கிறது.

விலக்கப்பட்டவரின் ஏனைய உரிமைகள் பற்றியும் ஒரு வார்த்தை. ஊழியர் சேமலாப நிதியில் தொழிலாளியின் 8 வீதமும் முதலாளியின் 12 வீதமும், ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதியத்தில் 3 வீதமும் தொழிலாளியின் சொத்து. தண்டனையாக அதைப் பறிக்க முதலாளிக்கு உரிமையில்லை. பணிக்கொடை வேறு. 15 அல்லது அதற்கு மேற்பட்டோர் வேலை செய்யும் இடத்தில் ஐந்து வருடம் சேவை செய்தவருக்கு 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டப்படி பணிக்கொடை உண்டு. மோசடி, பணக் கையாடல், வேண்டுமென்றே சொத்துக்குச் சேதம் விளைவித்தல், பொருட்களை இழக்கச் செய்தல் போன்ற காரணங்களால் விலக்கப்பட்டால், ஏற்பட்ட நட்டத்தின் அளவுக்கு மட்டுமே அதைக் கழிக்கலாம். 50,000 ரூபா நட்டத்துக்காக 5 இலட்சம் ரூபா பணிக்கொடையை முழுவதுமாக நிறுத்த முடியாது.

அரச ஊழியருக்கு வேறு பாதை

அரசாங்கத்தின் நேரடி ஊழியர்கள் தொழில் நியாய சபைக்குப் போக முடியாது. கைத்தொழில் பிணக்குகள் சட்டம் முதலாளியான அரசாங்கத்துக்குப் பொருந்தாது. அவர்களுக்குத் தாபன விதிக்கோவையின்படி ஒழுக்காற்று விசாரணை, அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு, அதன் பின்னர் நிர்வாக மேன்முறையீட்டு நியாய சபை என்ற படிகள் உள்ளன. மாகாண சேவையிலுள்ள ஆசிரியர்களும் ஏனையோரும் முதலில் மாகாண அரசாங்க சேவை ஆணைக்குழுவை நாட வேண்டும். சமத்துவம் மீறப்பட்டாலோ மத அடிப்படையில் பாகுபாடு காட்டப்பட்டாலோ அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மீறல் மனுத் தாக்கல் செய்யலாம். ஆனால் அதற்கான காலம் ஒரேயொரு மாதம். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கு விசாரணை நிலுவையிலிருக்கும் காலம் கணக்கில் சேர்க்கப்பட மாட்டாது. நம்மில் பலருக்கு இந்த வாய்ப்புத் தெரியாது.

ஒரு குற்றச்சாட்டு ஒரு மனிதனை என்ன செய்யும் என்பதற்கு இந்த நாடு கண்ட உதாரணம் வைத்தியர் ஷாபி ஷிஹாப்தீன். உயிர்த்த ஞாயிறு தாக்குதல்களின் பின்னர், 2019 மே மாதத்தில், ஆயிரக்கணக்கான சிங்களப் பெண்களுக்குக் கருத்தடை செய்ததாக ஒரு செய்தி பரவியது. குருநாகல் வைத்தியசாலையில் கடமையாற்றிய அவர் கைது செய்யப்பட்டார். அந்தக் கருத்தடைக் குற்றச்சாட்டுக்கு ஆதாரமில்லை எனக் குற்றப் புலனாய்வுத் திணைக்களம் நீதிமன்றத்தில் தெரிவித்தது. ஜூலையில் பிணை கிடைத்தது. ஆனால் அதற்குள் தெருவிலும் தொலைக்காட்சியிலும் தீர்ப்பு எழுதப்பட்டிருந்தது, அவர் கட்டாய விடுமுறையில் அனுப்பப்பட்டிருந்தார். 2022இல் அந்தக் காலத்துக்கான நிலுவைச் சம்பளம் அவருக்கு வழங்கப்பட்டது. 26 இலட்சம் ரூபாவுக்கும் அதிகமான அந்தத் தொகையை, பொருளாதார நெருக்கடியில் மருந்தின்றித் தவித்த வைத்தியசாலைகளுக்கு மருந்து வாங்குவதற்காக அவர் அன்பளிப்புச் செய்தார்.

அவரது பெருந்தன்மையை நாம் பாராட்டினோம், சரிதான். ஆனால் அதில் இன்னொரு பாடமும் உண்டு. அவமானத்தால் ஒதுங்கியிருந்தால் அந்த நிலுவைச் சம்பளம் கைக்கு வந்திருக்காது, கொடுப்பதற்கும் ஒன்றும் இருந்திருக்காது. உரிமையைக் கோருவது பேராசை அல்ல. கோரிப் பெற்ற பின்னர் மன்னிப்பதும் கொடுப்பதும் ஒருவரின் விருப்பம்.

முதல் நாட்களில் செய்ய வேண்டியவை

வழக்குகளின் முடிவு பெரும்பாலும் முதல் சில நாட்களில் செய்ததிலும் செய்யாததிலும் தங்கியிருக்கிறது. எனவே பின்வருவனவற்றை நினைவில் வைத்திருப்பது பயன் தரும்.

1. மிரட்டலுக்குப் பயந்து இராஜினாமாக் கடிதத்தில் கையொப்பமிடாதீர்கள். கையொப்பமிட்ட பின் அது பலவந்தமாகப் பெறப்பட்டது என்று நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில் விழும். ஏற்கனவே கையொப்பமிட்டிருந்தால், நடந்ததை விவரித்து உடனடியாகப் பதிவுத் தபாலில் எழுதுங்கள்.

2. வாயிலில் திருப்பி அனுப்பினால் அன்றைய தினமே, “இன்று வேலைக்கு வந்தேன், உள்ளே அனுமதிக்கப்படவில்லை, காரணத்தை எழுத்தில் தாருங்கள்” என்று பதிவுத் தபாலில் கடிதம் அனுப்புங்கள். பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள்.

3. விளக்கம் கோரிக் கடிதம் வந்தால் பதில் கொடுக்காமல் விடாதீர்கள். கோபத்தில் எழுதாதீர்கள். தெரிந்ததைச் சுருக்கமாக, உண்மையாக எழுதுங்கள். தேவையான ஆவணங்களைக் காட்டுமாறு கேளுங்கள். கால அவகாசம் தேவையென்றால் அதையும் எழுத்தில் கேளுங்கள்.

4. உள்ளக விசாரணை நடந்தால் அதற்குச் சமுகமளியுங்கள். விசாரணை பக்கச்சார்பானது என்று நினைத்தால் அந்த ஆட்சேபத்தைப் பதிவு செய்துவிட்டுப் பங்குபற்றுங்கள். பகிஷ்கரித்தால் ஒரு தரப்பின் கூற்று மட்டுமே பதிவில் எஞ்சும்.

5. நியமனக் கடிதம், சம்பளச் சீட்டுகள், சேமலாப நிதிக் கூற்று, வரவுப் பதிவு, வட்ஸ்அப் செய்திகள் ஆகியவற்றின் பிரதிகளை வீட்டில் வைத்திருங்கள்.

6. பிரதேசத் தொழில் அலுவலகத்துக்குச் செல்லுங்கள். வசதியில்லாதவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. தொழிற்சங்க உறுப்பினராயின் சங்கத்துக்கு அறிவியுங்கள்.

7. பேச்சுவார்த்தை நடக்கிறது, பெரியவர்கள் தலையிட்டிருக்கிறார்கள் என்பதற்காக ஆறு மாத எல்லை நின்றுவிடாது. பேசுங்கள். ஆனால் காலம் முடியுமுன் மனுவைத் தாக்கல் செய்துவிட்டுப் பேசுங்கள்.

மார்க்கத்தின் அளவுகோல்

இவற்றைப் படிக்கும் சிலருக்கு, ஒரு முஸ்லிம் முதலாளிக்கு எதிராக ஒரு முஸ்லிம் தொழிலாளி வழக்குப் போடுவது சரியா என்ற தயக்கம் வரலாம். தனது ஹக்கை நியாயமான வழியில் கேட்பதை இஸ்லாம் தடுக்கவில்லை. மாறாக, நீதி வழங்கும் முறை பற்றி மார்க்கம் கற்றுத் தந்தவற்றை அந்த முதலாளி முதலில் தன் கடையில் நடைமுறைப்படுத்தியிருந்தால் வழக்குக்கே தேவையிருந்திருக்காது.

பாவி ஒருவர் ஒரு செய்தியைக் கொண்டு வந்தால் அதைத் தீர விசாரிக்குமாறும், அறியாமையில் ஒரு கூட்டத்தாருக்குத் தீங்கு செய்துவிட்டுப் பின்னர் வருந்தாதிருக்குமாறும் ஸூரதுல் ஹுஜுராத்தின் 6ஆம் வசனம் எச்சரிக்கிறது. ஒரு கூட்டத்தார் மீதான வெறுப்பு நீதி தவறச் செய்துவிடக் கூடாது என்று ஸூரதுல் மாஇதாவின் 8ஆம் வசனம் கட்டளையிடுகிறது. அலி (ரழி) அவர்களை நபி (ஸல்) அவர்கள் யமனுக்கு நீதிபதியாக அனுப்பியபோது, இரு தரப்பினர் முன்வந்தால் ஒருவரின் பேச்சைக் கேட்டது போன்றே மற்றவரின் பேச்சையும் கேட்கும் வரை தீர்ப்பளிக்க வேண்டாம் என்று அறிவுறுத்தியதை அபூதாவூதிலும் திர்மிதியிலும் காண்கிறோம். வாதிடுபவர் மீதே ஆதாரம் கொண்டுவரும் கடமை, மறுப்பவர் மீது சத்தியம் என்பது இஸ்லாமிய நீதித்துறையின் அத்திவாரம். விலக்கிய முதலாளியே காரணத்தை நிரூபிக்க வேண்டும் என்று தொழில் நியாய சபையில் இருக்கும் நடைமுறை நமக்கு அந்நியமானதல்ல.

கடைகளில் சரக்குக் குறைந்தால் வேலையாளிடம் அறவிடும் பழக்கம் பற்றியும் சொல்ல வேண்டும். ஒருவரிடம் மட்டும் குறிப்பிட்ட நேரத்துக்கு வேலை செய்யும் கூலியாளின் கை அமானிதக் கை என்று ஃபிக்ஹு நூல்கள் கூறுகின்றன. அவர் அத்துமீறினாலோ அலட்சியம் செய்தாலோ மட்டுமே நட்டத்துக்குப் பொறுப்பாளி. காரணம் தெரியாத குறைவுக்கு அவர் பொறுப்பல்ல. சாவி மூன்று பேரிடம் இருக்கும் கடையில், கணக்குக் குறைந்தது என்ற ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு ஒருவரைக் கள்வன் என்று சொல்வது அவர் மீது இட்டுக்கட்டும் அபாண்டமாகிவிடும்.

இங்கு இரண்டு செயல்களைப் பிரித்தறிய வேண்டும். ஒருவரோடு தொடர்ந்து வேலை செய்ய முடியவில்லை என்று, உடன்படிக்கைக்கும் நாட்டுச் சட்டத்துக்கும் உட்பட்டு, அவருக்குரியதைக் கொடுத்து விலக்குவது ஒன்று. அவர் மீது குற்றத்தைச் சுமத்தி அனுப்புவது வேறொன்று. முன்னையதில் ஒருவரின் வேலை மட்டும் போகிறது. பின்னையதில் மானமும் போகிறது. செலவு மிச்சமாகும் என்பதற்காக முன்னையதைச் செய்ய வேண்டிய இடத்தில் பின்னையதைச் செய்பவர், கூலியாளிடம் வேலை வாங்கிக்கொண்டு கூலி கொடுக்காதவனுக்கு எதிராக மறுமையில் அல்லாஹ்வே வழக்காளியாக நிற்பான் என்ற ஹதீஸை அஞ்சிக்கொள்ளட்டும்.

எமது மஸ்ஜித் நிர்வாகங்களுக்கும் இதைச் சொல்லாமல் விட முடியாது. இமாம்களும் முஅத்தின்களும் மத்ரஸா ஆசிரியர்களும் ஒரு மஹல்லாவாசியின் முறைப்பாட்டின் பேரில், அவர்களின் பதிலைக் கூடக் கேட்காமல், இரவோடிரவாக அனுப்பப்படும் சம்பவங்கள் நடக்கின்றன. பலரிடம் நியமனக் கடிதமே இருப்பதில்லை. முறைப்பாடு பாரதூரமானதாக இருந்தால், குறிப்பாகப் பிள்ளைகளின் பாதுகாப்புச் சம்பந்தப்பட்டதாக இருந்தால், உடனே கடமையிலிருந்து விலக்கி வைத்து உரிய அதிகாரிகளுக்கு அறிவிப்பது கட்டாயம். அதை மூடி மறைத்து வேறு ஊருக்கு அனுப்பிவிடுவது பெருங்குற்றம். ஆனால் அதன் பின்னர் விசாரணை வேண்டும், அதுவும் எழுத்தில் வேண்டும். 1956ஆம் ஆண்டின் வக்பு சட்டத்தின் கீழ் நம்பிக்கையாளர் சபைகள் வக்பு சபைக்குப் பொறுப்புக் கூற வேண்டியவை. நீதியைப் பற்றி ஜும்ஆவில் கேட்பவர்கள், அதைச் சொன்ன கதீபுக்கே நீதி வழங்கத் தவறக் கூடாது.

உண்மையிலேயே தவறு செய்தவர்

ஒரு பக்கத்தை மட்டும் சொல்வது நீதியாகாது. முதலாளியின் பணத்தை எடுத்தவரும், பொய்க் கணக்கு எழுதியவரும் நம்மில் இருக்கிறார்கள். அமானிதத்தில் மோசடி செய்வதை நபி (ஸல்) அவர்கள் நயவஞ்சகனின் அடையாளங்களில் ஒன்றாகச் சொன்னார்கள். அப்படிப்பட்டவருக்குச் சட்டத்தின் ஓட்டைகளைக் கற்றுக் கொடுப்பது இக்கட்டுரையின் நோக்கமல்ல. பேச்சுத் திறமையால் பிறரின் உரிமையைத் தனக்குச் சாதகமாகத் தீர்ப்பாக்கிக் கொண்டவன் பெறுவது நரக நெருப்பின் ஒரு துண்டையே என்ற ஹதீஸ் புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ளது. எடுத்ததைத் திருப்பிக் கொடுப்பதும் தவ்பாச் செய்வதுமே அவருக்கான வழி. ஆனால் அவருக்கும் கூட, செய்த தவறுக்கு ஏற்ற தண்டனை என்ற உரிமை இருக்கிறது. பத்து வருடம் குற்றமின்றி உழைத்தவரின் முதல் சறுக்கலையும், திட்டமிட்டுத் திருடியவரின் செயலையும் ஒரே தராசில் நிறுக்கக் கூடாது.

உடன் வேலை செய்பவர்களுக்கும் ஒரு பொறுப்பு உண்டு. நடந்ததை நேரில் கண்டவர்கள், தங்கள் வேலை போய்விடும் என்ற பயத்தில் வாய்மூடி விடுகிறார்கள். அந்தப் பயம் புரிந்துகொள்ளக் கூடியது. எனினும் சாட்சியத்தை மறைப்பவரின் உள்ளம் பாவத்துக்குள்ளாகிறது என்று ஸூரதுல் பகராவின் 283ஆம் வசனம் சொல்கிறது. முதலாளிக்குச் சாதகமாகப் பொய் சொல்வதும், நண்பனைக் காப்பாற்றப் பொய் சொல்வதும் ஒரே பாவம்தான்.

ஜமாஅத் என்ன செய்யலாம்?

ஸகாத் நிதியிலிருந்து உலர் உணவுப் பொதி கொடுப்பதோடு நமது கடமை முடிந்துவிடுவதில்லை. ஒவ்வொரு ஊரிலும் சட்டம் படித்த பிள்ளைகள் இருக்கிறார்கள், ஓய்வுபெற்ற தொழில் அலுவலர்களும் வங்கி முகாமையாளர்களும் இருக்கிறார்கள். மாதத்தில் ஒரு நாள், மஃரிபுக்கும் இஷாவுக்கும் இடையில், வேலையிழந்தவர்கள் வந்து ஆலோசனை கேட்கும் ஓர் இடத்தை மஸ்ஜித் ஏற்பாடு செய்தால் போதும். ஒரு கடிதம் எழுதிக் கொடுப்பது, ஒரு திகதியை நினைவூட்டுவது, தொழில் அலுவலகத்துக்குக் கூடவே போவது ஆகிய சிறிய உதவிகள் ஒரு குடும்பத்தின் பல வருட வருமானத்தைக் காப்பாற்றும். பிணக்கில் தலையிடும் பெரியவர்களும், “கொஞ்சம் பொறுங்கள் தம்பி, நான் பேசுகிறேன்” என்று சொல்வதற்கு முன்னர், அந்தத் தம்பி வேலையிழந்து எத்தனை நாள் ஆகிறது என்று கேட்டுவிட்டுச் சொல்லட்டும்.

எல்லாவற்றுக்கும் மேலாக, விலக்கப்பட்டவர் மீண்டும் பள்ளிக்கு வரும்போது அவருக்கு ஸலாம் சொல்லி, ஸஃப்பில் இடம் கொடுப்போம். தீர்ப்பு வரும் வரை அவர் குற்றஞ்சாட்டப்பட்டவர் மட்டுமே. தீர்ப்பு அவருக்கு எதிராக வந்தாலும் அவர் நமது சகோதரரே. நீதியை நிலைநாட்டுவோராகவும், பிறரின் மானத்தைப் பாதுகாப்போராகவும் அல்லாஹ் நம்மனைவரையும் ஆக்கியருள்வானாக.